கடல் விலகிய ஊரில் மாதாவின் வீடு

அண்ணனை இதய அறுவைச் சிகிச்சைக்கு உள்ளே கொண்டுபோன அன்று அம்மா நேர்ந்துகொண்டார்: பிள்ளை பிழைத்தால் துருக்கியின் எபேசுவில் மாதா வாழ்ந்த வீட்டில் மெழுகுவர்த்தி ஏற்றுகிறேன். வேளாங்கண்ணி என்று வாயில் வந்திருக்கக் கூடாதா என்று நான் முணுமுணுத்தது மாதாவுக்கே தெரியும். மூன்று வருடம் பணம் சேர்த்து, 76 வயது அம்மாவை முழங்கால் வலியோடு துருக்கிக்கு அழைத்துப் போனேன்.

வாடகைக் கார் ஓட்டுநர் எங்களை முதலில் இறக்கிவிட்டது ஒரு தோல் கடையில். தோல் சட்டை வாங்கவா இவ்வளவு தூரம் வந்தோம்? முக்கால் மணி நேரம் பாழ்.

பழைய நகரத்தின் பளிங்குத் தெரு வெயிலில் தகித்தது. அரங்கின் முன்னால் அம்மா உட்கார்ந்துவிட்டார். சுமார் 25,000 பேர் கொள்ளும் அரங்கு. வெள்ளி வேலைக்காரர்கள் திருத்தூதர் சின்னப்பருக்கு எதிராகக் கத்தியது இங்கேதான். (இப்போது பவுல் என்கிறார்கள், அம்மாவுக்கு இன்றும் சின்னப்பர்தான்.) அங்கிருந்து துறைமுகத் தெரு நேராக இறங்குகிறது, முடியுமிடத்தில் கடலைக் காணோம், நாணல்தான் இருக்கிறது. ஆற்று வண்டல் துறைமுகத்தைத் தூர்த்துவிட, கடல் ஐந்தாறு கிலோமீட்டர் விலகிப் போய்விட்டது.

பக்கத்திலேயே இடிந்து கிடக்கிறது 431இல் ஆயர்கள் கூடிய மாதா கோயில். மரியாளை இறைவனின் தாய் என்று அழைக்கலாமா என்ற வழக்கு இங்கேதான் தீர்ந்தது என்றேன். “சர்வேசுரனுடைய மாதாவே” என்று செபமாலையை உருட்டிக்கொண்டிருந்த அம்மா நிமிர்ந்து பார்த்தார். “இதற்கு ஒரு வழக்கா?”

மலைமேல் மாதா வீட்டில் கப்பல் சுற்றுலாக் கூட்டம். தொப்பியும் சிரிப்புமாக ஒரே தள்ளுமுள்ளு. ஜெர்மானியக் கன்னியாஸ்திரி ஒருவர் கண்ட காட்சியை நம்பித் தேடி 1891இல் கண்டெடுத்த வீடு. இதுதான் அந்த வீடு என்று திருச்சபை அறுதியிட்டுச் சொன்னதில்லை. ஆனாலும் 1967, 1979, 2006 என மூன்று முறை பாப்பரசர்கள் வந்து செபித்திருக்கிறார்கள். எனக்கு அது போதும்.

சின்னஞ்சிறு கல் வீடு. நகரச் சொல்லிக் காவலர் கை காட்டிக்கொண்டே இருந்தார். அம்மா பொத்தென்று முழந்தாளிட்டார். நான்கு வருடமாக மடங்காத கால்! எழ முடியவில்லை. பின்னால் முக்காடிட்டு, இரு கைகளையும் ஏந்தி நின்ற துருக்கிப் பெண்தான் முதலில் குனிந்து முழங்கையைப் பிடித்தார். “மெரியம்” என்றார், அவர்கள் மொழியில் மரியாள். அம்மா “மாதாவே” என்றார். இருவர் கண்ணிலும் நீர். காவலர் வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். அண்ணனுக்காக என்னென்னவோ கேட்க நினைத்திருந்தேன். நன்றி, நன்றி என்பதைத் தவிர ஒன்றும் வரவில்லை, மாதாவே!

வெளியே மெழுகுவர்த்தி ஏற்றினோம். ஊற்று நீரை அண்ணனுக்கு, பங்குச் சாமியாருக்கு, பங்கின் அக்கம்பக்கச் செபக் குழுவான அன்பியத்தாருக்கு என்று அம்மா பிடித்ததில் ஒன்பது குப்பி. பெட்டி எடை கூடியதால் என் செருப்பையும் இரண்டு சேலைகளையும் விடுதியிலேயே விட்டுவிட்டு வந்தேன்.