கார்லோவி வாரி: நடந்துகொண்டே குடிக்கும் வெந்நீர்

செக் நாட்டின் கார்லோவி வாரியில் இறங்கியதும் எல்லாரும் தேடுவது ஒரு பீங்கான் கோப்பையைத்தான். தட்டையாக இருக்கும் அதன் கைப்பிடிக்குள் குழாய் ஓடுகிறது. கைப்பிடி நுனியில் வாய் வைத்து உறிஞ்ச வேண்டும். நானும் ஒன்று வாங்கி ஊற்றில் பிடித்துக் குடித்தேன். உப்பும் இரும்பும் கலந்த ருசி. இரண்டாவது மடக்கில் பழகிவிட்டது.

மான் வேட்டைக்கு வந்த மன்னர் நான்காம் சார்லஸின் நாய் வெந்நீர் ஊற்றில் விழுந்ததால் இந்த இடம் தெரியவந்தது என்பது ஊர்க்கதை. 1370-இல் அவர் இதற்கு நகர உரிமைகள் கொடுத்தது வரலாறு.

தொடக்கத்தில் இங்கே குளியல்தான் வைத்தியம். மணிக்கணக்கில் தொட்டியில் ஊறித் தோல் வெடித்தால்தான் உள்ளிருக்கும் நோய் வெளியேறும் என்று நம்பினார்கள். பாவம் அந்த நோயாளிகள்! 1522-இல் வாட்ஸ்லாவ் பாயர் என்ற மருத்துவர், தண்ணீரைக் குடிக்கவும் வேண்டும் என்று எழுதினார். அப்புறம் குடிப்பதும் அளவு மீறிப் போனது.

இதையெல்லாம் ஒழுங்குக்குக் கொண்டுவந்தவர் 18-ஆம் நூற்றாண்டு மருத்துவர் டாவிட் பெக்கர். அளவாகக் குடி, ஊற்றருகிலேயே குடி, குடித்தபடி நட என்றார். என்னைக் கேட்டால், இந்த ஊரைக் கட்டியது மன்னரைவிட இந்த மருத்துவச்சீட்டுதான். மழையிலும் பனியிலும் நோயாளிகள் நடக்க வேண்டுமே! அதற்காகத்தான் டெப்லா ஆற்றோரம் தூண் மண்டபங்கள் எழுந்தன. அவற்றில் பெரியது 1881-இல் முடிந்த மில் மண்டபம். வடிவமைத்தவர் யோசெஃப் ஸீடெக். பிராகின் தேசிய நாடக அரங்கும் அவர் வடிவமைத்ததே. 124 தூண்கள். அவற்றினூடே கோப்பையும் கையுமாக மெல்ல நடக்கும் முதியவர்களைப் பார்த்தால் பெக்கரின் சொல்லுக்கு இன்றும் மதிப்பு இருப்பது புரியும்.

சற்றுத் தள்ளி விர்ஷித்லோ ஊற்று. 73 டிகிரி வெந்நீர் பூமியைப் பிளந்துகொண்டு 12 மீட்டர் வரை பாய்கிறது. நிமிடத்துக்கு ஏறக்குறைய 2,000 லிட்டர். பக்கத்தில் நின்றால் முகமெல்லாம் ஆவி. இதற்கு மேலே 1879-இல் கட்டிய அழகான வார்ப்பிரும்பு மண்டபம் இருந்தது. 1939-இல் போருக்கு இரும்பு வேண்டுமென்று பிரித்தெடுத்துவிட்டார்கள். இன்றிருப்பது 1975-இல் திறந்த கண்ணாடி, கான்கிரீட் கட்டடம். எனக்கு அது மனதில் ஒட்டவே இல்லை.

ரஷ்யாவின் மகா பீட்டர், கதே, பீத்தோவன் என்று வந்துபோனவர்கள் ஏராளம். கார்ல் மார்க்ஸ்கூட 1874 முதல் மூன்று கோடைகள் இங்கே சிகிச்சைக்கு வந்தார். பெரும்பான்மையாக இருந்த ஜெர்மானியர்கள் இரண்டாம் உலகப் போருக்குப் பின் வெளியேற்றப்பட்டது இந்த ஊரின் பெரும் காயம். கார்ல்ஸ்பாட் என்று அவர்கள் அழைத்த ஊர், 2021-இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது.

போகிறவர்களுக்கு ஒன்று: இந்தத் தண்ணீரில் பேதிக்குக் கொடுக்கும் உப்பும் கரைந்திருக்கிறது. ஆசைக்கு ஊற்று ஊற்றாகக் குடிக்காமல், சில மடக்குகளோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.