அப்பாவின் ஷூவுக்குள் இருந்த சிலந்தி

நாங்கள் இருப்பது சிட்னியின் வடக்கே, ஹார்ன்ஸ்பி பக்கம். வீட்டுக் கொல்லையைத் தாண்டினால் காடுதான். திருநெல்வேலியிலிருந்து அப்பா வந்திருந்த மார்ச் மாதம் அது. இரண்டு நாள் மழை விட்ட காலையில் தோட்டத்துக்குப் போகலாம் என்று கராஜில் கிடந்த பழைய ஷூவுக்குள் காலை விட்டார். உடனே ஒரு சத்தம். ஷூவை உதறியதும் பளபளவென்று கறுப்பாக ஒரு சிலந்தி விழுந்தது. கட்டைவிரலில் இரண்டு புள்ளிகள், லேசாக ரத்தம்.

பார்த்ததும் ஃபனல்வெப் என்று தோன்றியது, சிட்னிப் பக்கம் இருக்கும் கொடிய விஷச் சிலந்தி. அதில் ஆண்தான் அதிக விஷமுள்ளது. கோடையிலும் அது முடிகிற நேரத்திலும் பெண் சிலந்தியைத் தேடி வளையை விட்டுக் கிளம்பிவிடும். ஈரமான இரவுகளில் அலைந்து, விடிந்ததும் ஷூ, துணிக்குவியல் என்று எங்காவது ஒதுங்கும். இதெல்லாம் எனக்குத் தெரியும். ஆனாலும் அந்த ஷூவை உதறிப் பார்க்கச் சொல்லி அப்பாவிடம் சொல்லி வைக்கவில்லை.

"ஒண்ணுமில்லம்மா, கயிறு எடுத்துட்டு வா. முழங்காலுக்கு மேல இறுக்கிக் கட்டிட்டா போதும்" என்றார். ஊரில் விஷக்கடி என்றால் அதுதானே பழக்கம். நான் விடவில்லை. "அப்பா, அப்படியே உட்காருங்க, காலை அசைக்காதீங்க" என்று சொல்லிவிட்டு இங்குள்ள அவசர எண்ணான 000க்கு அழைத்து, ஃபோனை ஸ்பீக்கரில் போட்டேன். முதலில் கடிவாயின் மேல் ஒரு பேண்டேஜ். அப்புறம் அகலமான எலாஸ்டிக் பேண்டேஜை விரல்களிலிருந்து தொடங்கி தொடை வரை சுற்றினேன். சுளுக்குக்குக் கட்டுகிற அளவு இறுக்கம்தான், ரத்த ஓட்டம் நிற்கக் கூடாது. மகனின் கிரிக்கெட் ஸ்டம்பைக் காலோடு சேர்த்துக் கட்டினேன். இந்த விஷம் முதலில் நிணநீர் வழியாகத்தான் பரவும், தசை அசைய அசைய வேகம் கூடும். அதனால் கட்டும் அசையாமையும் சேர்ந்துதான் முதலுதவி. ஆனால் இங்கே இருக்கும் இன்னொரு விஷச் சிலந்தியான ரெட்பேக் கடித்தால் இப்படிக் கட்டுவதில்லை, ஐஸ் வைத்து மருத்துவரைப் பார்க்க வேண்டும். சிட்னி வட்டாரத்தில் பெரிய கறுப்புச் சிலந்தி எது கடித்தாலும் ஃபனல்வெப் என்றே எடுத்துக்கொள்ளச் சொல்கிறார்கள்.

எல்லாக் கடியிலும் விஷம் ஏறுவதில்லை. அப்பாவுக்கு ஏறியிருந்தது. ஆம்புலன்ஸில் போகும்போதே "உதடு மரத்த மாதிரி இருக்கு" என்றார். கொஞ்ச நேரத்தில் நெற்றியெல்லாம் வியர்வை, வாயில் எச்சில் ஊறி வழிந்தது, கையில் மயிர்க்கூச்சம். நாக்கு தானாகத் துடித்ததைப் பார்த்தபோது எனக்கு மூச்சே நின்றுவிட்டது. இந்த விஷம் நரம்புகளை ஓயாமல் தூண்டிக்கொண்டே இருக்கும். ரத்த அழுத்தம் எகிறும், நுரையீரலில் நீர் கோக்கும். நாய்க்கும் பூனைக்கும் பெரிதாக ஒன்றும் செய்யாத விஷம் மனிதனைக் கொன்றுவிடும்.

மருத்துவமனையில் கட்டை உடனே அவிழ்க்கவில்லை. விஷமுறிவு மருந்து தயாராகும் வரை அது இருக்கட்டும் என்றார்கள். இரண்டு குப்பி மருந்தை ரத்தக்குழாய் வழியாக ஏற்றினார்கள். ஒரு மணி நேரம் மானிட்டரையும் அப்பா முகத்தையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தேன். முதலில் வியர்வை நின்றது, அப்புறம் நாக்குத் துடிப்பு. "பசிக்குதும்மா" என்று அவர் சொன்னபோது அழுதுவிட்டேன். அன்றிரவு தீவிர சிகிச்சைப் பிரிவில் வைத்துக் கவனித்துவிட்டு மறுநாள் வார்டுக்கு மாற்றினார்கள்.

அந்த மருந்து 1981ல் வந்தது. மெல்போர்னில் ஸ்ட்ரூவன் சதர்லேண்ட் குழுவினர் முயல்களின் உடலில் எதிர்ப்பொருளை உண்டாக்கி அதைத் தயாரித்தார்கள். அதற்கு முன் 13 பேர் இந்தக் கடியால் இறந்ததாகப் பதிவு இருக்கிறது. அதற்குப் பிறகு ஒருவர்கூட இல்லை. மருந்துக்கு வேண்டிய விஷத்தைச் சாமர்ஸ்பியில் உள்ள ஆஸ்திரேலியன் ரெப்டைல் பார்க்கில் சிலந்திகளின் பல்லிலிருந்து சொட்டுச் சொட்டாக உறிஞ்சி எடுக்கிறார்கள். அந்தச் சிலந்திகளில் பெரும்பாலானவை பொதுமக்கள் பிடித்துக் கொடுப்பவை.

அடுத்த மாதம் துணி துவைக்கிற அறையில் இன்னொன்று வந்தது. அடிக்கத்தான் கை போனது. அப்பா, "கொல்லாதம்மா, குடுத்திரலாம்" என்றார். அகலவாய்க் கண்ணாடிப் பாட்டிலை அதன் முன்னே சாய்த்து, நீளக் கைப்பிடிக் கரண்டியால் மெல்ல உள்ளே தள்ளினேன். வழவழப்பான கண்ணாடியில் அதனால் ஏற முடியாது. ஈரமான மண் கொஞ்சம் போட்டு, மூடியில் சின்ன ஓட்டைகள் இட்டு இறுக்கி மூடினோம். சிலந்திகளை வாங்கிக்கொள்ளும் இடத்துக்குக் காரில் போகும்போது பாட்டிலை அப்பாதான் மடியில் வைத்திருந்தார்.