ஹூஷங்கின் தீப்பொறியைத் துடைத்தெடுத்த ஸ்கேனிங்

பாரசீகக் காவியமான ஷாநாமாவில் மன்னன் ஹூஷங் கரும்பாம்பின் மீது கல்லெறிகிறான். பாம்பு தப்பிவிடுகிறது, ஆனால் கல்லோடு கல் மோதியதில் பிறந்த பொறியிலிருந்து உலகுக்கு நெருப்புக் கிடைக்கிறது. ஃபிர்தௌசி 1010இல் நிறைவு செய்த காவியத்தின் இந்தச் சிறு பகுதியை, நடிகர்களோ கேமராவோ இன்றி, 16 மி.மீ. வண்ணப் பிலிமின் கறுப்புச் சுருளை ஊசியால் கீறியே படமாக்கினேன். நிறங்கள் அதில் அடுக்கடுக்காக இருப்பதால், மேலாகக் கீறினால் பச்சை, சற்று அழுத்தினால் மஞ்சள், அடிவரை சென்றால் வெண்மை என்று, சுண்டுவிரல் நகமளவே உள்ள ஒவ்வொரு பிரேமிலும் பொறி பிறந்து வளர்வதைக் கையாலேயே காட்ட முடிந்தது.

நெருப்புக் கிடைத்ததை ஹூஷங் கொண்டாடுவதைக் காட்டும், படத்தின் இடையில் வரும் ‘சதா விருந்து’ என்ற பழைய ஓவியத்துக்குச் சிரமமே இல்லை. நியூயார்க் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகம் இத்தகைய பழைய ஓவியங்களின் படங்களை 2017 முதல் கட்டணமின்றி வழங்குகிறது.

ஸ்கேனிங்கில்தான் எல்லாம் கெட்டது. பிலிமை டிஜிட்டலாக மாற்றித் தரும் நிலையத்தில் கொடுத்த சுருள் கோப்பாகத் திரும்பி வந்தபோது பாம்பு இருந்தது, பொறிகளில் பெரும்பாலானவை இல்லை. இரண்டு மூன்று பிரேம்களே நீடிக்கும் புள்ளிகளைப் பழுதென்று எடுத்துக்கொண்ட மென்பொருள், பக்கத்துப் பிரேமின் கறுப்பைக் கொண்டு அவற்றை மூடிவிட்டிருந்தது. கவுண்டரில் இருந்தவரோ, தூசி, கீறல் நீக்கம் பேக்கேஜிலேயே அடங்கும் என்றும், மறுபடி ஸ்கேன் செய்ய முழுக் கட்டணம் ஆகும் என்றும் ஒரே பதிலைத் திரும்பத் திரும்பச் சொன்னார். வாரக்கணக்கில் கண்வலிக்க உழைத்ததைச் சேவை என்ற பெயரில் அழித்துவிட்டு, அதற்கே மீண்டும் பணம் கேட்டதை இப்போது நினைத்தாலும் மனம் கொதிக்கிறது.

நான் நகரவில்லை. ஸ்கேனரை இயக்குபவரை அழைக்கச் சொல்லி, அவர் வந்ததும் பிலிமை லைட் டேபிளில் விரித்து, கோப்பின் அதே பிரேம்களை அருகில் வைத்துக் காட்டினேன். அவருக்கு உடனே புரிந்தது. கட்டணமின்றியே மறு ஸ்கேன் செய்து தந்தார்.

இத்தகைய படம் எடுப்பவர்கள் ‘கீறல்கள் வேண்டுமென்றே இடப்பட்டவை, நீக்கக் கூடாது’ என்று ஆர்டர் படிவத்திலும் பிலிம் டப்பாவின் மூடியிலும் தவறாமல் எழுதுங்கள். பிலிமின் மேல் மையோ வண்ணமோ பூசியிருந்தால், கழுவிச் சுத்தம் செய்யவும் வேண்டாம் என்று சேர்த்துக்கொள்ளுங்கள். கரைசலில் அது கரைந்துபோகக்கூடும். கீறும்போது உதிரும் துகள்களை மென்மையான தூரிகையால் நீங்களே அகற்றிவிட்டால், இயந்திரம் அடைத்துக்கொள்ளும் என்று சொல்லிச் சுருளைத் திருப்பி அனுப்பவும் அவர்களுக்குக் காரணம் இருக்காது. முழுச் சுருளையும் ஒப்படைப்பதற்கு முன் சில அடிகளை மட்டும் சோதனையாக ஸ்கேன் செய்து பார்க்கச் சொல்லுங்கள்.

கோப்பு கையில் கிடைத்த பிறகும் மூலச் சுருளைத் திரையிடாதீர்கள். புரொஜெக்டரில் ஓட்டும் ஒவ்வொரு முறையும் நீங்கள் இடாத கீறல்கள் அதில் விழும்.