சிரிக்காமல் படிப்பித்தவர்

நம் கல்லூரியில் உயர்தர வகுப்பில் ஆங்கில இலக்கியம் எடுத்தவர்கள் எந்த ஆண்டிலும் விரல்விட்டு எண்ணக்கூடியவர்கள்தான். எழுபதுகளின் நடுப்பகுதியில் எங்கள் தொகுதியும் அப்படித்தான். எங்களுக்கென்று வகுப்பறை கிடையாது. புவியியல் அறையின் பின்பக்கத்தில், சுருட்டி வைத்த வரைபடங்களுக்கும் ஒரு பக்கம் நசுங்கிப்போன உலக உருண்டைக்கும் நடுவே பாடம் நடக்கும். படிப்பித்தவர் பேராதனையில் பட்டம் பெற்று வந்தவர். தன் பெயர் அச்சில் வருவதை அவர் ஒருபோதும் விரும்பியதில்லை. ஆகவே இங்கே ‘சேர்’ என்றே எழுதிவிட்டுப் போகிறேன். அவரிடம் படித்தவர்களுக்கு ஆள் யாரென்று தெரியும்.

இந்தக் கல்லூரி மலரில் மற்றவர்கள் பிக் மேட்ச் என்ற கிரிக்கெட் போட்டியைப் பற்றியும் விடுதி மதில் பாய்ந்ததைப் பற்றியும் எப்படியும் எழுதுவார்கள். அங்கதம், அதாவது நையாண்டி இலக்கியம், என்றால் என்னவென்று சேர் எங்களுக்குப் படிப்பித்த விதத்தைப் பற்றி எழுத என்னை விட்டால் ஆள் இல்லை.

தவணையின் முதல் நாள் வந்தார். வணக்கம்கூடச் சரியாக வாங்காமல் கரும்பலகையில் ஒரு கணக்கை எழுதினார். நாட்டின் சனத்தொகை 15 இலட்சம். பிள்ளை பெறக்கூடிய தம்பதிகள் 2 இலட்சம். அவர்களில் பிள்ளைகளைத் தாங்களே வளர்க்க வசதி உள்ளவர்கள் 30,000. மிச்சம் 1,70,000. கருச்சிதைவிலும் நோயிலும் போவது 50,000. ஆக, ஆண்டுக்கு 1,20,000 ஏழைக் குழந்தைகள். அதில் 20,000 பேரை இனவிருத்திக்கு ஒதுக்கினால் விற்பனைக்கு 1,00,000. பிறக்கும்போது நிறை 12 இறாத்தல், ஓர் ஆண்டு பாலூட்டினால் 28 இறாத்தல். வளர்ப்புச் செலவு, கந்தல் துணி உட்பட, 2 சிலிங். விற்கும் விலை 10 சிலிங். “தாய்க்கு லாபம் எவ்வளவு?” என்று கேட்டார்.

“எட்டு சிலிங், சேர்” என்றான் எங்களில் கணக்கில் கெட்டிக்காரன். சேர் 8 என்று எழுதி அடிக்கோடு இட்டார். கொஞ்ச நேரம் கழித்து, “என்னத்தை விக்கிறம் சேர்?” என்று பின்வாங்கிலிருந்து ஒரு குரல்.

“இறைச்சி” என்றார் சேர். “அவிக்கலாம், பொரிக்கலாம், வாட்டலாம். அடுத்த பந்தியை வாசியுங்கோ.”

அது ஜொனதன் சுவிஃப்ட் 1729இல் எழுதிய ‘ஓர் அடக்கமான முன்மொழிவு’. சுவிஃப்ட் அப்போது டப்ளின் நகரத்துப் புனித பட்ரிக் பேராலயத்தின் தலைமைக் குரு. அயர்லாந்தில் தொடர்ந்து சில ஆண்டுகள் விளைச்சல் பொய்த்திருந்தது. நிலத்தின் சொந்தக்காரர்கள் லண்டனில் இருந்துகொண்டு குத்தகையை உறிஞ்சினார்கள். தெருவில் பிள்ளைகளை இழுத்துக்கொண்டு தாய்மார் பிச்சை எடுத்தார்கள். இதற்கு ஒரு தீர்வு சொல்கிறேன் என்று வருகிறார் கட்டுரையைச் சொல்லும் ஆள். நல்ல மனிதர், நாட்டுப்பற்று உள்ளவர், புள்ளிவிவரம் தெரிந்தவர். ஒரு வயதுப் பிள்ளைகளை விற்றுச் சாப்பிடலாம் என்கிறார். விலை கொஞ்சம் கூடத்தான். ஆகவே நிலச்சுவான்தார்களுக்குத்தான் பொருத்தமான உணவு. பெற்றோரில் பெரும்பங்கை அவர்கள் ஏற்கனவே விழுங்கிவிட்டதால் பிள்ளைகள் மேலும் அவர்களுக்கே முதல் உரிமை என்று போகிறது.

சேர் இதை வாசித்தபோது முகத்தில் ஒரு கோடுகூட மாறவில்லை. வங்கி முகாமையாளர் வட்டி வீதத்தை வாசிப்பதைப் போல வாசித்தார். நாங்கள் சிரித்தால் நிறுத்திவிட்டு, ஏன் சிரிக்கிறீர்கள் என்று உண்மையாகவே புரியாதவரைப் போலப் பார்ப்பார். அதனால் சிரிப்பு இன்னும் கூடும், கூடவே ஒரு சங்கடமும் வரும். அந்தச் சங்கடத்துக்காகத்தான் இவ்வளவு பாடும் என்பது எங்களுக்குப் பிறகுதான் விளங்கியது.

கட்டுரையின் கடைசிப் பகுதியில் ஓர் இடம் வரும். “வேறு வழிகளைப் பற்றி யாரும் என்னிடம் பேச வேண்டாம்” என்று சொல்லிவிட்டு அந்த வேறு வழிகளை அந்த ஆள் வரிசையாக அடுக்குவார்: ஊரில் இல்லாத நிலச்சுவான்தார்களுக்கு வரி போடுவது, உள்ளூரில் நெய்த துணியையே உடுப்பது, குடியிருப்பவர்கள் மேல் கொஞ்சமாவது இரக்கம் காட்டுவது. சுவிஃப்ட் நிஜமாகவே விரும்பியவை இவைதான். உள்ளூர் உற்பத்தியையே வாங்குங்கள் என்று 1720இல் தனிப் பிரசுரமே எழுதியிருந்தார். அதற்காக அச்சகக்காரர் மேல் வழக்குப் போட்டார்கள். ஒன்பது ஆண்டு கழித்து அதே யோசனைகளை, நடக்காத காரியம் என்று அந்த ஆளின் வாயால் தள்ளிவிடச் செய்கிறார். முகமூடி கழலவில்லை, ஆனால் உள்ளே இருப்பவரின் கண் அங்கே தெரிகிறது. இந்தப் பந்திக்குச் சேர் இரண்டு பாடவேளை எடுத்தார். சோதனையில் இதற்குப் புள்ளி கிடையாது என்று ஒருத்தன் முணுமுணுத்ததும் நினைவிருக்கிறது.

பின்னாளில் வந்தவர்கள் சுவிஃப்டைச் சும்மா விடவில்லை. நாவலாசிரியர் தாக்கரே விக்டோரியா காலத்தில் செய்த விரிவுரைகளில், பிள்ளைகளின் அறைக்குள் அரக்கனைப் போல நுழைகிறார் இந்த மனிதர் என்று திட்டியிருக்கிறார். மகா எழுத்தாளர்தான். அவரே ஒன்றாம் தரமான அங்கதக்காரரும்கூட. அவருக்கே அந்தக் கணக்கு வயிற்றைப் பிரட்டியிருக்கிறது. என்னைக் கேட்டால் அந்தக் கட்டுரைக்குக் கிடைத்த மிகப் பெரிய பாராட்டு அதுதான்.

சேர் ஆங்கிலத்தோடு நிற்கிற ஆள் இல்லை. தமிழ் இலக்கிய வகுப்பில் நாங்கள் வேறு ஆசிரியரிடம் படித்த புறநானூற்றுப் பாட்டை இழுத்துக்கொண்டு வருவார். அதியமானுக்காகத் தொண்டைமானிடம் தூது போகிறார் ஔவையார். தொண்டைமான் தன் படைக்கலக் கொட்டிலைப் பெருமையாகக் காட்டுகிறான். “இவ்வே, பீலி அணிந்து, மாலை சூட்டி” என்று தொடங்குகிறார் அவர். உன் வேல்கள் மயிற்பீலி கட்டி, மாலை போட்டு, நெய் பூசி, காவல் உள்ள மாளிகையில் அழகாக இருக்கின்றன. எங்கள் அரசனுடையவையோ பகைவரைக் குத்தி நுனி முறிந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன. ஒரு வசைச் சொல் கிடையாது. விருந்தாளி மரியாதைக்குக் குறைவில்லாமல் பாராட்டுவதுபோலவே பாட்டு முடிந்துவிடும். “தொண்டைமான் நன்றி சொன்னானோ தெரியாது” என்பார் சேர். தேவர் அனையர் கயவர் என்கிற குறளையும் இதே வரிசையில் வைப்பார். கயவரும் தேவர்களைப் போன்றவர்களே, ஏனென்றால் இரு சாராரும் நினைத்தபடி நடப்பவர்கள். வள்ளுவர் சிரிக்காமல் அடித்த அடி என்பார். இப்படி மறைத்துச் சொல்வதற்குத் தொல்காப்பியத்தில் பழிகரப்பு என்று தனி இடமே இருக்கிறது. வெளிப்படையாகத் திட்டுவது செம்பொருள் அங்கதம். “செம்பொருளுக்குத் தொண்டை இருந்தால் போதும். பழிகரப்புக்கு முகம் வேணும்” என்பது சேரின் கட்சி.

இந்தப் பாடம் விடுதிக்குள் போய் என்ன பாடு பட்டது என்பதையும் சொல்ல வேண்டும். அது பாணுக்கு வரிசையில் நின்ற காலம். சோற்றுக்குப் பதில் மரவள்ளிக் கிழங்கு தட்டில் விழுந்த காலம். விடுதிச் சொதியில் தேங்காய்ப்பால் இருப்பதாக ஒரு வதந்தி மட்டுமே நிலவியது. எங்கள் தொகுதியில் இருவர் சேர்ந்து தமிழ்ச் சங்கச் சுவர்ப் பத்திரிகையில் ஒரு முன்மொழிவு எழுதினார்கள். சொதியில் தேங்காயைப் பிழிவது வீண்செலவு. ஒரே தேங்காயைச் சமையலறை வாசலில் கட்டித் தொங்கவிட்டால் வாசத்துக்கு வாசமும் ஆயிற்று, ஒரு தவணை முழுவதும் காணும். மிச்சம் பிடிக்கும் காசில் மேற்பார்வையாளருக்குச் சாய்மனைக் கதிரை வாங்கலாம் என்று தலைக்கு இத்தனை சதம் கணக்கோடு எழுதியிருந்தார்கள்.

மேற்பார்வையாளர் வாசித்தார். அன்றிரவு சாப்பாட்டுக்கு முன் எல்லோரையும் எழுந்து நிற்கச் சொல்லி, நாடு இருக்கிற நிலைமையில் சிக்கனத்தைப் பற்றிச் சிந்திக்கும் மாணவர்கள் இந்த விடுதியில் இருப்பது தனக்குப் பெருமை என்று பேசினார். கதிரை மட்டும் வேண்டாம் என்றார். அடுத்த வாரம் இடியப்பத்தோடு வந்த சொதியில் கோப்பையின் அடியில் இருந்த பூவேலைப்பாடு துல்லியமாகத் தெரிந்தது.

எழுதிய இருவரையும் மற்றவர்கள் உதைக்காத குறை. சேரிடம் முறையிட்டோம். அவர் முதலில் சுவிஃப்டின் வாசகம் ஒன்றைச் சொன்னார்: அங்கதம் ஒரு கண்ணாடி, பார்ப்பவருக்கு எல்லோர் முகமும் தெரியும், தன் முகத்தைத் தவிர. 1704இல் அச்சில் வந்தது. பிறகு டேனியல் டீஃபோவின் கதை. 1702இல் டீஃபோ பெயர் போடாமல் ஒரு பிரசுரம் எழுதினார். அரச திருச்சபையோடு ஒத்துப்போகாத கிறிஸ்தவர்களை ஒழிக்கச் சுருக்கமான வழி, அவர்களுடைய போதகர்களைத் தூக்கில் போடுவதுதான் என்று தீவிரத் திருச்சபைக்காரர்களின் குரலிலேயே எழுதினார். டீஃபோவே அந்த ஒத்துப்போகாத கூட்டத்தைச் சேர்ந்தவர். தீவிரக்காரர்களில் பலர் அதை நிஜமென்று நம்பி ஆகா என்றார்கள். எழுதியவர் யார் என்று தெரிய வந்ததும் அவமானம் கோபமாயிற்று. அபராதம், சிறை, 1703 ஜூலையில் மூன்று நாள் கழுத்தும் கையும் பலகையில் பூட்டிப் பொது இடத்தில் நிறுத்தி வைத்தல். கூட்டம் கல்லுக்குப் பதிலாகப் பூ எறிந்ததாக ஒரு கதை உண்டு. “உங்களுக்குச் சொதியோடு போச்சு” என்று சொல்லிவிட்டுச் சேர் அடுத்த பாடத்துக்குப் போய்விட்டார்.

அந்த நாளில் எங்களுக்கு அங்கதத்தின் இன்னொரு வாத்தியார் ‘சிரித்திரன்’. செய்தொழில் தெய்வம், சிரிப்பே சீவியம் என்று முகப்பு வாசகம் போட்டு வந்த சஞ்சிகை. ஆசிரியர் சிவஞானசுந்தரம் சுந்தர் என்ற பெயரில் கேலிச்சித்திரம் வரைந்து, மகுடி என்ற பெயரில் கேள்வி பதிலும் எழுதினார். அவருடைய கேலிச்சித்திரப் பாத்திரமான சவாரித்தம்பரை எங்கள் ஒவ்வொருவரின் ஒழுங்கையிலும் நிஜமாகவே பார்க்கலாம். சேர் அதை வாங்கி வாசிப்பார். வாசிக்கும்போது சிரிப்பதை ஒளிக்க மாட்டார். தான் எழுதாததற்குச் சிரிக்கலாம் என்பது அவருடைய சட்டம் போலும்.

படங்களைப் பற்றி அவர் சொல்லும்போது நாங்கள் எதையும் பார்த்திருக்கவில்லை. பேராதனையில் மாணவராக இருந்தபோது பார்த்த சார்லி சாப்ளினின் ‘தி கிரேட் டிக்டேட்டர்’ படத்தைக் காட்சி காட்சியாகச் சொன்னார். 1940இல் வந்த படம். டொமேனியா நாட்டுச் சர்வாதிகாரி ஹின்கல் பலூன் போன்ற உலக உருண்டையை ஏந்தி ஆடும் இடம் வந்ததும், அறை மூலையில் கிடந்த நசுங்கல் உருண்டையை எடுத்து ஒரு விரலால் மெல்லத் தட்டித் தட்டிக்கொண்டே சொன்னார். சர்வாதிகாரியைக் காதலிக்கிறவனாக ஆக்கியது எவ்வளவு பெரிய யோசனை என்று. எங்கள் உருண்டை வெடிக்கவில்லை. மேசையில் விழுந்து ஆஸ்திரேலியா பக்கம் இன்னொரு பள்ளம் விழுந்தது. புவியியல் ஆசிரியர் கேட்டபோது நாங்கள் யாரும் வாய் திறக்கவில்லை.

ஆனால் அந்தப் படத்தின் முடிவு அவருக்குப் பிடிக்காது. சர்வாதிகாரி என்று தவறாக நினைத்து மேடையில் ஏற்றப்படும் யூத முடிதிருத்துநர் சில நிமிடம் நேராகக் கமராவைப் பார்த்து மனித நேயத்தைப் பற்றிப் பேசுவார். “அந்த இடத்தில முடிதிருத்துறவன் போயிட்டான், சாப்ளின் வந்திட்டார். முகம் மாறிப் போச்சு” என்பார் சேர். விமர்சகர்கள் பலரும் அப்போதே இதைச் சொல்லியிருக்கிறார்கள். லண்டனுக்கு வந்து படத்தைப் பார்த்த பிறகு எனக்குச் சேரோடு முழுக்க உடன்பட முடியவில்லை. ஐரோப்பா பாதி விழுந்து கிடந்த ஆண்டு அது. எல்லாத் திரையரங்கிலும் தன் முகத்தைத் தெரிந்தவர்கள் இருக்கிற ஒரு மனிதன், இதற்கு மேல் விளையாட முடியாது என்று கை விரிக்கிறான். சாப்ளினே 1964இல் வெளிவந்த தன்வரலாற்றில், வதைமுகாம்களின் கொடூரம் முழுதாகத் தெரிந்திருந்தால் அந்தப் படத்தை எடுத்திருக்கவே முடியாது என்று எழுதியிருக்கிறார். கலை என்ற வகையில் பேச்சு படத்தைக் கெடுக்கிறது, சரி. இருந்தும் அதை வெட்டச் சொல்ல எனக்கு மனம் வராது.

சேர் பார்க்காத படம் ஸ்டான்லி குப்ரிக்கின் ‘டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்லவ்’. சாப்ளினின் தன்வரலாறு வந்த அதே 1964. ‘ரெட் அலெர்ட்’ என்ற நாவலை வைத்து, அணுகுண்டுப் போரைப் பற்றிய தீவிரமான படமாகத்தான் குப்ரிக் தொடங்கினார். எழுத எழுத, உண்மைக்கு அருகே போகும் இடமெல்லாம் சிரிப்பாக வந்து நின்றது. கடைசியில் சிரிப்பையே பிடித்துக்கொண்டார். குடிநீரில் புளூரைடு கலப்பது கம்யூனிஸ்டுகளின் சதி என்று நம்பும் ஒரு ஜெனரல் விமானங்களை ரஷ்யாவுக்கு ஏவிவிடுகிறார். சுருட்டைக் கடித்துக்கொண்டு தன் உடலின் திரவங்களைப் பற்றி அவர் பேசும் காட்சியைப் பார்த்தபோது எனக்குச் சேரின் முகம்தான் வந்தது. ஒரு கோடு மாறவில்லை. அந்தப் படத்துக்கு முடிவாக, போர் அறையில் எல்லோரும் கிரீம் பலகாரங்களை ஒருவர் முகத்தில் ஒருவர் எறியும் பெரிய சண்டையொன்றைப் படம்பிடித்திருந்தார்கள். அது வெறும் கூத்தாகிவிட்டது, படத்தின் மற்றப் பகுதியோடு ஒட்டவில்லை என்று குப்ரிக் வெட்டி எறிந்துவிட்டார்.

இது சேரின் கட்சிக்கு எவ்வளவு வலுவான சாட்சி! உடனே அவருக்கு நீளமாக ஒரு கடிதம் எழுதினேன். தொண்ணூறுகளின் தொடக்கம், யாழ்ப்பாணத்துக்குப் பொருளாதாரத் தடை இருந்த காலம், கடிதம் போய்ச் சேர வாரக்கணக்கில் ஆகும். பதில் வந்தது. ஜாம் போத்தல் விளக்கில் எழுதுவதாகவும் கையெழுத்தைப் பொறுத்துக்கொள்ளும்படியும் தொடங்கியிருந்தார். வெட்டியது மிகச் சரி என்று குப்ரிக்குக்கு ஒரு வரி. அதற்குக் கீழே: “ஆனால் அவ்வளவு பலகாரத்தையும் பிறகு என்ன செய்தார்கள் என்று நீர் எழுதவில்லை. இங்கே நான் கதையைச் சொன்ன ஆட்கள் எல்லோரும் முதலில் கேட்பது அதைத்தான். விசாரித்து எழுதவும்.”