பாக்கி பில்: ஓர் ஒப்பந்ததாரரின் நாட்குறிப்பு

மார்ச் 4, 2025

திருவாரூர் பக்கம் அரசுத் துறைக்கு நான் கட்டிக் கொடுத்த சிறுபாலத்தின் மேல் இரண்டு வருடத்துக்கு மேலாக நெல் லாரி ஓடுகிறது. 2022 அக்டோபரில் வேலை முடிந்தது. செய்த வேலையின் அளவைத் துறை பதியும் எம்.புக்கில் அளவு ஏறி, சரிபார்ப்பும் ஆகிவிட்டது. ஃபைனல் பில் தொகையும், வேலைக்கு ஈடாகத் துறை பிடித்துவைத்த டெபாசிட்டும்தான் வரவில்லை. இன்றும் அதே பதில்: "ஃபண்ட் வரல சார், மார்ச் முடியட்டும்." மேஸ்திரிகளின் கூலியில் ஒரு ரூபாய்கூட நான் பாக்கி வைக்கவில்லை. அதற்காக அடகு வைத்த நகைக்கு வட்டி ஏறிக்கொண்டே போகிறது. சட்டப்படி என்ன செய்யலாம் என்று கேட்க வக்கீலிடம் நேரம் வாங்கியிருக்கிறேன்.

மார்ச் 11

பாக்கி எவ்வளவு என்று வக்கீல் கேட்கவில்லை. "வேலை என்னிக்கு முடிஞ்சதுண்ணே?" என்றுதான் முதலில் கேட்டார். பணம் தரும் தேதி ஒப்பந்தத்தில் இல்லையென்றால், வழக்குப் போடும் கெடுவைச் சொல்லும் காலவரையறைச் சட்டம் 1963-ன் அட்டவணையில் உள்ள உறுப்பு 18-ன்படி வேலை முடிந்த நாளிலிருந்து மூன்று வருடம். அதற்குள் வழக்குப் போட வேண்டும். அலுவலகத்தில் வாயால் சொல்லும் 'அடுத்த மாசம்' இந்தக் கணக்கை நிறுத்தாது. கெடு முடிவதற்குள் துறை கையெழுத்துப் போட்டுப் பாக்கியை ஒப்புக்கொண்டால் மட்டும், அதே சட்டத்தின் பிரிவு 18-ன்படி அன்றிலிருந்து புதிதாக மூன்று வருடம் கிடைக்கும். எனக்கு அக்டோபர் வரைதான். எத்தனை பேர் அதிகாரியின் மனம் கோணக்கூடாது என்று காத்திருந்தே உரிமையை இழந்திருப்பார்கள்! நினைத்தால் வயிறு எரிகிறது.

மார்ச் 14

தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போட்டேன். எம்.புக் பக்கங்களின் சான்றிட்ட நகல், பணி முடிந்த தேதி, பில்லின் இப்போதைய நிலை, இவ்வளவுதான் கேட்டிருக்கிறேன். முப்பது நாளில் பதில் தர வேண்டும்.

ஏப்ரல் 17

பதில் வந்தது. 'பணி நிறைவுற்றது. நிதி ஒதுக்கீடு பெறப்பட்டதும் பில் தொகை வழங்கப்படும்.' கீழே கையெழுத்து, முத்திரை. பாக்கியை ஒப்புக்கொண்டதாக இதை வைத்து வாதாடலாம், ஆனால் இதை மட்டும் நம்பி அக்டோபரைத் தாண்ட விடக்கூடாது என்றார் வக்கீல்.

அரசுக்கு உத்தரவிடச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் ரிட் மனு பற்றியும் கேட்டேன். ஒப்பந்த விவகாரம் என்பதாலேயே ரிட் கூடாது என்றில்லை, ஏ.பி.எல். இன்டர்நேஷனல் வழக்கில் 2003-ல் உச்ச நீதிமன்றம் அதைத் தெளிவாக்கிவிட்டது. துறையே ஒப்புக்கொண்ட தொகை என்றால் உயர் நீதிமன்றம் போகலாம். அளவிலோ தரத்திலோ தகராறு இருந்தால் சிவில் வழக்குக்குப் போகச் சொல்லிவிடுவார்கள். என் வழக்கில், எழுத்து உத்தரவில்லாமல் செய்த கூடுதல் வேலை பற்றிய தகராறு இருப்பதால் ரிட் வேண்டாம் என்று முடிவு செய்தோம்.

ஏப்ரல் 22

நண்பர் ஒருவர் குறு, சிறு, நடுத்தர நிறுவனங்களுக்கான எம்.எஸ்.எம்.இ. சட்டத்தைச் சொன்னார். பணம் தருவது 45 நாளைத் தாண்டினால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப்போல் மூன்று மடங்கு கூட்டு வட்டி. கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் கட்டுமான ஒப்பந்தப் பணி அந்தச் சட்டத்துக்குள் வராது என்று பாம்பே உயர் நீதிமன்றம் உள்படத் தீர்ப்புகள் இருக்கின்றன. பொருளோ சேவையோ தருகிற சிறு நிறுவனங்களுக்குத்தான் அது நல்ல ஆயுதம்.

மே 5

சிவில் நடைமுறைச் சட்டம் பிரிவு 80 நோட்டீஸ் இன்று ஒப்புகை அட்டையோடு போனது. அரசு மேல் வழக்குப் போட இரண்டு மாத முன்னறிவிப்பு வேண்டும். அந்த இரண்டு மாதம் மூன்று வருடக் கெடுவின் கணக்கில் சேராது. வட்டியையும் அதிலேயே எழுத்தில் கேட்டிருக்கிறோம். ஒப்பந்தத்தில் வட்டி பற்றி ஒன்றும் இல்லாவிட்டாலும், கேட்ட நாளிலிருந்து வட்டி தர 1978 வட்டிச் சட்டம் நீதிமன்றத்துக்கு அதிகாரம் தருகிறது.

தகராறை நீதிமன்றத்துக்குப் பதில் ஒரு நடுவர் தீர்க்க வேண்டும் என்ற விதி என் ஒப்பந்தத்தில் இல்லை. இருக்கிறவர்கள் நடுவர் தீர்ப்புச் சட்டம் பிரிவு 21-ன்படி நோட்டீஸ் கொடுக்க வேண்டும். அதே துறையின் பொறியாளரையே நடுவராக உட்கார வைப்பது 2015 திருத்தத்துக்குப் பிறகு செல்லாது.

ஜூன் 9

கூடுதல் வேலைதான் சிக்கல். வெள்ளம் வந்த வாரத்தில் பக்கச்சுவரை நீட்டச் சொன்னார்கள். எழுத்து உத்தரவு தரவில்லை. அதற்கும் வழி இருக்கிறது. இலவசமாகச் செய்யாத வேலையின் பலனை அரசு அனுபவித்தால் ஈடு தர வேண்டும் என்கிறது இந்திய ஒப்பந்தச் சட்டம் பிரிவு 70. மேற்கு வங்க அரசுக்கும் பி.கே. மண்டல் நிறுவனத்துக்கும் நடந்த பழைய வழக்கில், முறையான ஒப்பந்தமே இல்லாமல் கட்டிய கட்டடங்களுக்கு உச்ச நீதிமன்றம் பணம் தரச் சொன்னது. சுவரைப் போட்டோ எடுத்து, சிமென்ட் பில்களையும் லாரி டிரிப் சீட்டுகளையும் தேதிவாரியாக அடுக்கிவிட்டேன்.

ஜூலை 18

ஃபைனல் பில் தொகை கணக்கில் ஏறியது. இரண்டு வருடத்துக்கு மேல் வராத ஃபண்ட், நோட்டீஸுக்குப் பிறகு வந்திருக்கிறது! வட்டி இல்லை, டெபாசிட் இல்லை, சுவருக்கும் இல்லை. 'இனி எந்தக் கோரிக்கையும் இல்லை' என்று எழுதிக் கொடுத்தால்தான் டெபாசிட் விடுவிப்பார்களாம். நான் எழுதித் தரவில்லை. வட்டிக்கும் கூடுதல் வேலைக்குமான உரிமையை விட்டுக்கொடுக்காமல் இந்தத் தொகையைப் பெற்றுக்கொள்கிறேன் என்று கடிதம் கொடுத்து, நகலில் பெற்றுக்கொண்டதற்கு அலுவலக முத்திரை வாங்கிக்கொண்டேன்.

மீதிப் பாக்கி மூன்று லட்சத்துக்கு மேல் இருப்பதால் இது வணிக வழக்கு. போடுவதற்கு முன் சமரசப் பேச்சுக்குப் போவது கட்டாயம். மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கொடுக்க வேண்டிய மனு தயாராகிவிட்டது. திங்கட்கிழமை தாக்கல்.