பெர்தினியின் சால்வை

1915-இல் வந்த இத்தாலிய மௌனப்படம் ‘அசுந்தா ஸ்பீனா’வைப் பார்க்கும்போது பிரான்செஸ்கா பெர்தினியின் சால்வையை விடாமல் கவனியுங்கள். நேப்பிள்ஸ் சலவைக்காரி வேடம். தோளில் தளர்ந்து கிடக்கும், பயம் வந்தால் உடம்போடு இறுகும். வசனமே தேவையில்லை. முந்தைய ஆண்டுதான் இவர் பியெரோ என்ற ஆண் கோமாளி வேடத்தில் நடித்திருந்தார், என்ன வீச்சு!

நொடிக்கு 24 பிரேமில் ஓடும் பிரதியைத் தவிர்த்துவிடுங்கள். அன்றைய கேமராவைக் கையால் சுழற்றினார்கள், 16-18 பிரேம்தான் பொருந்தும். வேகம் கூடினால் அந்த நிதானமான கையசைவு வெறும் வெட்டியிழுப்பாகிவிடும்.

இயக்குநர் என்று குஸ்தாவோ செரேனாவின் பெயர்தான் இருக்கிறது. படத்தை உண்மையில் நடத்தியவர் பெர்தினி என்று செரேனாவே பின்னாளில் ஒப்புக்கொண்டார். அந்தப் பெருமை பெர்தினிக்கு முழுதாகச் சேர வேண்டும். 1976-இல் இத்தாலிய இயக்குநர் பெர்தொலூச்சியின் ‘1900’ படத்தில் கன்னியாஸ்திரியாக வருவதும் இவரேதான்.