நான்கு மீட்டர் சில்க் ஷிஃபான் பட்ட பாடு

தங்கச்சியின் ரிசப்ஷனுக்குச் சில்க் ஷிஃபானில் அம்ப்ரெல்லா கட் கவுன் தைத்துக் கொடுத்து ஒரு வாரம் ஆகிறது. நன்றாகத்தான் வந்தது. ஆனால் அதற்குள் நான் பட்ட பாடு இன்னும் மனசை விட்டுப் போகவில்லை. ரவிக்கை, பாவாடை, பஞ்சாபி சூட் எல்லாம் பதினைந்து வருடமாக வீட்டிலேயே தைக்கிறவள் நான். ஷிஃபான் பட்டுக்கு அந்த அனுபவம் பாதிதான் உதவியது. கோலாலம்பூர் செந்தூலில் கேட்ட இரண்டு தையல்கடையிலும் “அந்தத் துணி எடுக்கிறதில்லைம்மா” என்று சொல்லிவிட்டார்கள். ஏன் என்று அப்போது புரியவில்லை.

முதல் அடி கடையிலேயே விழுந்தது. ஜாலான் துவாங்கு அப்துல் ரஹ்மானில் (அம்மாவுக்கு அது இன்னும் பத்து ரோடுதான்) ஒரு துணிக்கடையில் மயில் கழுத்து நிறத்தில் ஒரு ஷிஃபான் கண்ணைப் பறித்தது. “ப்யூர் சில்க்தானே?” என்று மூன்று முறை கேட்டேன். “ப்யூர் சில்க்தான்லா அக்கா, தொட்டுப் பாருங்க” என்றார் அந்தப் பையன். மீட்டர் 48 வெள்ளி (ரிங்கிட்), நான்கு மீட்டர் வாங்கினேன். வீட்டுக்கு வந்து ஓரத்திலிருந்து நாலு இழை உருவி, சிங்க்கில் வைத்து இடுக்கியால் பிடித்துக் கொளுத்தினேன். பட்டு என்றால் முடி கருகும் வாடை வரும், சாம்பலை விரலால் நசுக்கினால் பொடியாகும். இது உருகிக் கருப்பு மணியாகச் சுருண்டது. அசல் பாலியெஸ்டர்.

மறுநாள் எல்ஆர்டி ஏறி மஸ்ஜிட் ஜாமெக்கில் இறங்கி, வெயிலில் நடந்து போனால், “வெட்டின துணியை மாத்த முடியாது” என்று சுவரில் ஒட்டியிருந்த தாளைக் காட்டினார்கள். ரசீதைப் பார்த்தேன். ‘கெயின் (துணி), 4 மீ’ என்று மட்டும் இருந்தது. பட்டு என்று எங்கேயும் எழுதவில்லை, அதனால் பேச எனக்கு வாயும் இல்லை. 192 வெள்ளி போனதுகூடப் பரவாயில்லை, முகத்துக்கு நேராகச் சொன்ன பொய்தான் வலித்தது. காசு கொடுக்கும் முன் ரசீதில் ‘சுத்ரா அஸ்லி’ (அசல் பட்டு) என்று எழுதச் சொல்லுங்கள். எழுதத் தயங்கினால் துணியை வைத்துவிட்டு வந்துவிடுங்கள். இழை உருவும்போது நீளவாக்கில் ஒன்று, அகலவாக்கில் ஒன்று என்று இரண்டையும் கொளுத்திப் பாருங்கள். பாவில் பட்டும் ஊடையில் பாலியெஸ்டரும் கலந்து நெய்வதும் உண்டு.

இரண்டாவது கடை மஸ்ஜிட் இந்தியா பக்கம். அங்கே இருந்த பெரியவருக்குத் துணி தெரியும். மோமி (பட்டுத் துணியின் எடைக்கணக்கு) எத்தனை என்று கேட்டதும் எட்டு என்றார். ஒரு மோமி என்றால் சதுர மீட்டருக்கு 4.34 கிராம். வீட்டில் சமையல் தராசில் வைத்தேன்: 112 சென்டி அகலத்தில் நான்கு மீட்டர், மொத்தம் 155 கிராம். கணக்கு சரியாக வந்தது. ஆனால் வெட்டிக் கொடுத்தது வேறு ஆள், பேசிக்கொண்டே கோணலாக வெட்டிவிட்டார். வீட்டில் ஓரத்தில் ஒரு இழையை இழுத்து, அது விட்ட கோட்டின் மேலேயே வெட்டி நேராக்கியதில் ஒன்பது சென்டி வீணானது. கடையில் நிற்கும்போதே “இழை இழுத்து வெட்டுங்க” என்று சொல்லிவிடலாம். கூடவே அரை மீட்டர் அதிகம் வாங்குவது நல்லது. நான் வாங்கவில்லை.

நனைப்பது, நிழலில் காய வைப்பது எல்லாம் சிக்கல் இல்லாமல் முடிந்தது. சாயம் போகிறதா என்று மட்டும் ஒரு மூலையை முதலில் நனைத்துப் பார்த்துக்கொண்டேன்.

அடுத்து நான் செய்தது பெரிய தப்பு. எப்போதும் போல் துணியை இரண்டாக மடித்து, மேசையில் விரித்து, வடிவத்தாளை வைத்துக் குண்டூசி குத்தி வெட்டினேன். மேலே ஃபேன் ஓடிக்கொண்டிருந்தது. கத்தரி போகப் போக அடித்துணி தண்ணீர் மாதிரி விலகிப் போனது எனக்குத் தெரியவே இல்லை. பிரித்துப் பார்த்தால் மேல் துண்டு சரியான கால் வட்டம். கீழ்த் துண்டு ஒரு பக்கம் இரண்டு சென்டி குறைச்சல், வளைவும் நெளிந்திருந்தது. அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டேன். 1.1 மீட்டர் போய்விட்டது. சரியாக வந்த துண்டும் போக மிச்சம் இருந்த 1.7 மீட்டரில் இன்னொரு கால் வட்டமும் மேல் உடம்பும் எடுத்தே ஆகவேண்டும், கைக்குத் துணி இல்லை.

கை கொடுத்தவர் அம்மாதான். வலைத்தளங்களில் ஜெலட்டின் கரைசலில் முக்கச் சொல்கிறார்கள், அது மாட்டுத்தோலிலும் பன்றித்தோலிலும் எடுப்பது என்பதால் எங்கள் வீட்டில் நடக்காது. “சேலைக்குப் போடற மாதிரி கஞ்சி போடுடி” என்றார் அம்மா. சோளமாவைக் கட்டி தட்டாமல் நீர்க்கக் காய்ச்சி, வடிகட்டி, ஆறவைத்து முக்கினேன். முறுக்கிப் பிழியவில்லை. பட்டு நனைந்தால் பலம் குறையும், அதனால் பழைய துண்டில் சுருட்டி அமுக்கித்தான் தண்ணீரை எடுத்தேன். காய்ந்ததும் துணி காகிதம் போல நின்றது. ஃபேனை நிறுத்திவிட்டு, மேசை முழுக்க மஜோங் பேப்பர் (பெரிய வெள்ளைத் தாள்) விரித்து, ஒற்றைத் துணியாக அதன் மேல் படிய வைத்து, தையலுக்கு விட்ட ஓரத்தில் மட்டும் மெல்லிய ஊசி குத்தி, காகிதத்தோடு சேர்த்து வெட்டினேன். வியர்வை சொட்டியது, ஆனால் ஒரு மில்லிமீட்டர்கூட நகரவில்லை. வீணான துண்டுக்கும் கஞ்சி போட்டு அதிலிருந்து இரண்டு கையையும் எடுத்தேன். அந்த நிமிஷம் கிடைத்த நிம்மதியைச் சொல்லி முடியாது. ஊசிகளை அன்றைக்கே எடுத்துவிடுங்கள். நம் ஊர் ஈரக்காற்றுக்கு ராத்திரி முழுக்கக் குத்தி வைத்தால் துருக்கறை பிடிக்கும்.

மிஷினில் இருந்தது 14ஆம் நம்பர் ஊசி. நல்ல வேளையாக அந்தப் பாலியெஸ்டர் ஷிஃபானில் முதலில் ஓட்டிப் பார்த்தேன். முதல் குத்திலேயே துணியை ஊசித்தட்டின் ஓட்டைக்குள் இழுத்து மென்றுவிட்டது. 9ஆம் நம்பர் கேட்டுப் போன கடையில் “எல்லா ஊசியும் ஒண்ணுதான்” என்று 11ஐக் கொடுத்து அனுப்பினார்கள். அடுத்த நாள் வேறு கடைக்கு அலைந்துதான் 9 கிடைத்தது. தையல் நீளம் 2 மில்லிமீட்டர், தொடங்கும்போது இரண்டு நூல்முனையையும் பின்னால் பிடித்து இழுத்துக்கொள்ள வேண்டும், அடியில் ஒரு டிஷ்யூ தாள் வைத்தால் துணி உள்ளே போகாது. இணைப்பெல்லாம் பிரெஞ்சு சீம். துணியின் உள்பக்கங்கள் ஒட்டியிருக்க ஒரு தையல், 3 மில்லிமீட்டர் விட்டுக் கத்தரித்து, திருப்பி மறுபடி ஒரு தையல். கஞ்சி போட்ட துணியில் இது சுகமாக ஓடியது. உள்துணி வைத்தது, ஜிப் வைத்தது எல்லாம் ஒரே சாயங்காலத்தில் முடிந்தது.

வளைவாக வெட்டிய துணியை ஓரம் மடிக்கும் முன் ஒரு நாள் தொங்கவிட வேண்டும் என்பது தெரியும். தொங்கவிட்டேன். கொஞ்சம்கூட இறங்கவில்லை. சந்தோஷமாக 3.4 மீட்டர் ஓரத்தையும் மடித்துத் தைத்துவிட்டு, கடைசியில் கஞ்சியை அலசினேன். பேசினில் அந்தத் துணி மறுபடி பட்டாக மாறியது பார்க்க அழகாகத்தான் இருந்தது. மறுநாள் காலையில் பார்த்தால் முன் நடுவிலும் பின் நடுவிலும் நாலு சென்டி தொங்குகிறது. இழைக்குக் குறுக்கே கோணலாக விழும் இடம் அதுதான். இத்தனை நாள் கஞ்சிதான் அதை இறங்கவிடாமல் பிடித்து வைத்திருந்தது. கஞ்சி போடுகிறவர்கள் தயவுசெய்து இதை மறக்காதீர்கள்: ஓரம் தவிர எல்லாம் தைத்து, கஞ்சியை அலசி, அதற்குப் பிறகு தொங்கவிடுங்கள், ஓரம் கடைசியில்தான்.

ரிசப்ஷனுக்கு இரண்டு நாள் இருந்தது. 9ஆம் நம்பர் ஊசியால் போட்ட பொடித் தையலைப் பிரிக்கவே மூன்று மணி நேரம் ஆனது. தங்கச்சியைக் கவுனோடு நாற்காலி மேல் நிற்க வைத்து, நாற்காலிப் பலகையிலிருந்து அளவுகோலை நிறுத்தி, அவள் மெதுவாகத் திரும்பத் திரும்ப ஒரு சாணுக்கு ஒரு ஊசியாகக் குத்திக்கொண்டு வந்தேன். “அக்கா, கால் வலிக்குது” என்றாள், ஆனால் அசையவில்லை. மிஷினை நம்பாமல் ஓரத்தை விரலால் உருட்டி உருட்டிக் கையாலேயே தைத்தேன். வெள்ளிக்கிழமை ராத்திரி ஒன்றரை மணிக்குக் கடைசி முடிச்சு விழுந்தது. அம்மா காப்பி போட்டுக்கொண்டு வந்து, கவுனைத் தொடாமல், தூர நின்றே பார்த்துவிட்டுப் போனார்.